மரீனா அப்ரமோவிச்

மரீனா அப்ரமோவிச் (பிறப்பு: நவம்பர் 30, 1946) செர்பியாவின் பெல்கிரேடு நகரில் பிறந்த நிகழ்த்துகலைக் கலைஞரும் நிகழ்படக் கலைஞரும் ஆவார். தம் உடலையே கருவியாகவும் களமாகவும் கொண்டு வலி, களைப்பு, பசி, மௌனம், அசைவின்மை ஆகியவற்றின் எல்லைகளை ஆராயும் படைப்புகளுக்காக இவர் அறியப்படுகிறார். 2010ஆம் ஆண்டு நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகத்தில் ஏறத்தாழ மூன்று மாதங்கள் ஒரு நாற்காலியில் பேசாது அமர்ந்திருந்து, எதிரே வந்து அமர்ந்தவர்களின் கண்களை நோக்கிய 'கலைஞர் இங்கே இருக்கிறார்' என்னும் நிகழ்வு இவரை உலகறியச் செய்தது.

அப்ரமோவிச்சின் பிற்காலப் பணி, இன்று மேலைநாடுகளில் பரவியுள்ள நலவாழ்வுப் பண்பாட்டோடு நெருங்கிய தொடர்புடையது. மௌனம், நோன்பு, மெதுநடை, படிகக்கற்கள் ஆகியவற்றைக் கொண்டு பொதுமக்களுக்கான பயிற்சிமுறை ஒன்றை இவர் உருவாக்கினார். 2024இல் தம் பெயரில் நலவாழ்வுப் பொருட்களையும் விற்பனைக்குக் கொண்டுவந்தார். உடலை இடருக்கு உள்ளாக்கிய கலை எவ்வாறு உடலைப் பேணும் பயிற்சியாக மாறியது, அப்பயிற்சி எவ்வாறு விற்பனைப் பொருளாயிற்று ஆகிய கேள்விகள் இவரது வாழ்க்கையை ஆராய்வோர் முன் நிற்கின்றன.

நிகழ்த்துகலை: ஓர் அறிமுகம்

ஓவியத்தில் வண்ணமும் சிற்பத்தில் கல்லும் ஊடகங்களாக இருப்பது போல, நிகழ்த்துகலையில் கலைஞரின் உடலும் நேரமும் ஊடகங்களாகின்றன. இது நாடகத்திலிருந்து வேறுபட்டது. நாடகத்தில் நடிகர் வேறொருவராக நடிக்கிறார். அங்கே கத்தியும் குருதியும் போலியானவை. நிகழ்த்துகலையில் கலைஞர் தாமாகவே இருக்கிறார். கத்தி உண்மையான கத்தி. ஒத்திகையும் பெரும்பாலும் இராது. விதிகள் மட்டும் முன்கூட்டியே வகுக்கப்படும், விளைவு வகுக்கப்படுவதில்லை. ஒரு சோதனைக்கூட ஆய்வின் அமைப்பை இது ஒத்திருக்கிறது எனலாம்.

இக்கலைக்கு ஓர் இயல்பான சிக்கல் உண்டு. நிகழ்வு முடிந்ததும் படைப்பு மறைந்துவிடுகிறது. ஒளிப்படங்களும் நிகழ்படங்களுமே எஞ்சுகின்றன. எனவே 1970களில் வளர்ந்த நிகழ்படக் கருவிகள் இக்கலையின் வரலாற்றில் முதன்மையான இடம் பெற்றன. அப்ரமோவிச்சின் நிகழ்படங்களை இருவகையாகப் பிரிக்கலாம். பார்வையாளர் முன் நடந்த நிகழ்வின் பதிவுகள் ஒரு வகை. ஒளிப்படக்கருவிக்காகவே செய்யப்பட்ட, தனித்து நிற்கும் படைப்புகள் மற்றொரு வகை.

இளமைக்காலம்

அப்ரமோவிச்சின் பெற்றோரான வோயினும் தனிட்சாவும் இரண்டாம் உலகப்போரில் யூகோஸ்லாவியக் கொரில்லாப் படையில் போரிட்டவர்கள். போருக்குப் பின் அமைந்த பொதுவுடைமை அரசில் உயர்நிலையில் இருந்தவர்கள். தாய் தனிட்சா, புரட்சி அருங்காட்சியகத்தின் இயக்குநராகப் பணியாற்றினார். மரீனா ஆறு வயது வரை, சமயப்பற்று மிக்க பாட்டியிடம் வளர்ந்தார். வழிபாடும் நோன்பும் ஒருபுறம், படைத்துறை ஒழுங்கு மறுபுறம் என இரு வேறுபட்ட கட்டுப்பாடுகளுக்குள் இவரது இளமை கழிந்தது. உடலை மனவுறுதியால் ஆள இயலும் என்னும் கருத்து இவ்விரண்டுக்கும் பொதுவானது. இவரது கலையிலும் அதுவே அடித்தளமாக உள்ளது.

1965 முதல் 1970 வரை பெல்கிரேடு நுண்கலைக் கழகத்தில் ஓவியம் பயின்ற இவர், 1972இல் சாகிரேபில் முதுநிலைக் கல்வியை முடித்தார். உடலை வருத்தும் நிகழ்வுகளை நடத்திவந்த காலத்திலும், வீட்டில் தாயின் கட்டளைப்படி இரவு பத்து மணிக்குள் திரும்பவேண்டிய நிலையில் இருந்தார் என்பது குறிப்பிடத்தக்கது. 1976இல் ஆம்ஸ்டர்டாமுக்குக் குடிபெயரும் வரை இந்நிலை நீடித்தது.

ரிதம் வரிசை (1973–1974)

தாளம் எனப் பொருள்படும் 'ரிதம்' என்னும் பெயரில் இவர் நிகழ்த்திய ஐந்து படைப்புகள் இவரது தொடக்ககாலத்தின் முதன்மையான வரிசையாகும். இவற்றில் மூன்று, உடலுக்கும் உணர்வுநிலைக்கும் உள்ள தொடர்பைப் புரிந்துகொள்ள உதவுவன.

'ரிதம் 5' 1974இல் பெல்கிரேடில் நிகழ்ந்தது. மரத்தாலான பெரிய ஐந்துமுனை விண்மீன் ஒன்றுக்கு எரிபொருள் ஊற்றித் தீயிடப்பட்டது. அப்ரமோவிச் தம் நகங்களையும் தலைமயிரையும் வெட்டித் தீயிலிட்டுவிட்டு, விண்மீனின் நடுவே படுத்துக்கொண்டார். தீ சுற்றியிருந்த ஆக்சிஜனை எரித்துத் தீர்த்ததால் அவர் நினைவிழந்தார். அவர் அசையாதிருப்பதும் படைப்பின் பகுதியே எனப் பார்வையாளர்கள் எண்ணினர். தீ அவரது உடலை நெருங்கியபோதும் அவர் அசையவில்லை என்பதைக் கண்ட பின்னரே சிலர் உள்ளே புகுந்து அவரைத் தூக்கி வந்தனர். நினைவிழந்தால் நிகழ்த்துதல் முடிந்துவிடுகிறது. அந்த எல்லையைப் படைப்புக்குள் கொண்டுவருவது எப்படி என்னும் வினா இதிலிருந்து எழுந்தது.

அவ்வினாவுக்கான விடையாக அதே ஆண்டு சாகிரேபில் 'ரிதம் 2' நிகழ்த்தப்பட்டது. இதில் அவர் பார்வையாளர் முன் அமர்ந்து இரு மருந்துகளை உட்கொண்டார். முதலாவது, உடல் உறைந்து அசைவற்றுப் போகும் நோய்நிலைக்குத் தரப்படுவது. நலமான உடலில் அது தசைகளை வலிப்புற்றது போல் துடிக்கச் செய்தது. மனம் தெளிவாக இருந்தது, உடல் கட்டுப்பாட்டை இழந்தது. அதன் விளைவு அடங்கியபின் உட்கொண்ட இரண்டாவது மருந்து, கடும் மனநோயாளிகளை அமைதிப்படுத்தத் தரப்படுவது. இம்முறை உடல் அமைதியாக அமர்ந்திருந்தது. மனம் அங்கே இல்லை. பின்னர் அந்நேரத்தை அவரால் நினைவுகூர இயலவில்லை. மருந்து என்பது நோயாளியை நலமாக்கும் பொருள் என்னும் பொதுக்கருத்தை இந்நிகழ்வு தலைகீழாக்கியது.

1974இல் இத்தாலியின் நேப்பிள்ஸ் நகரில் நிகழ்ந்த 'ரிதம் 0' இவ்வரிசையின் இறுதிப் படைப்பாகும். மேசைமீது 72 பொருட்கள் வைக்கப்பட்டன. ரோசாப்பூ, இறகு, தேன், திராட்சை முதலிய இனிய பொருட்களோடு கத்தரிக்கோல், அறுவைக்கத்தி, கைத்துப்பாக்கி, ஒரு குண்டு ஆகியனவும் இருந்தன. பார்வையாளர்கள் இவற்றைத் தம் விருப்பப்படி கலைஞர்மீது பயன்படுத்தலாம் என்றும், முழுப்பொறுப்பும் தம்முடையதே என்றும் அறிவிப்பு வைத்துவிட்டு அப்ரமோவிச் ஆறு மணிநேரம் அசையாது நின்றார். தொடக்கத்தில் கூச்சத்துடன் பூவைக் கையில் கொடுத்த கூட்டம், நேரம் செல்லச்செல்ல அவரது உடையைக் கிழித்தது. தோலில் காயம் ஏற்படுத்தியது. ஒருவர் துப்பாக்கியை அவரது தலைக்கு நேராகப் பிடிக்க, பிறர் தடுத்தனர். ஆறு மணிநேரம் முடிந்து அவர் கூட்டத்தை நோக்கி நடக்கத் தொடங்கியதும் பார்வையாளர்கள் அவரை எதிர்கொள்ள இயலாது விலகிச் சென்றனர். இசைவு, பொறுப்பு, கூட்டத்தின் உளவியல் ஆகியவை பற்றிய வகுப்புகளில் இந்நிகழ்வு இன்றும் எடுத்துக்காட்டாகக் கூறப்படுகிறது.

உலாயுடன் இணைந்த பணி (1976–1988)

ஆம்ஸ்டர்டாமில் அப்ரமோவிச் செருமானியக் கலைஞரான உலாயைச் (1943–2020) சந்தித்தார். இருவரும் பழைய சிட்ரோயன் ஊர்தி ஒன்றையே வீடாகக்கொண்டு சில ஆண்டுகள் ஐரோப்பா முழுவதும் பயணித்தனர். இருவரும் வாயோடு வாய் பொருத்தி ஒருவர் விடும் மூச்சையே மற்றவர் உள்ளிழுத்தல், தலைமயிரைப் பின்னிப் பிணைத்துக்கொண்டு 17 மணிநேரம் அமர்ந்திருத்தல் எனப் பல படைப்புகளை நிகழ்த்தினர். 'ஓய்வாற்றல்' (1980) என்னும் நான்கு நிமிட நிகழ்படத்தில் அப்ரமோவிச் வில்லைப் பிடித்திருக்க, உலாய் நாணில் பூட்டிய அம்பை அவரது இதயத்துக்கு நேராக இழுத்துப் பிடித்திருக்கிறார். இருவரும் பின்னோக்கிச் சாய்ந்திருப்பதால் ஒருவரின் எடையே மற்றவரைத் தாங்குகிறது. கைப்பிடி சற்றே தளர்ந்தாலும் அம்பு பாயும். ஒலிவாங்கிகள் இருவரின் இதயத்துடிப்பையும் பதிவு செய்தன.

1980களின் தொடக்கத்தில் இவர்கள் ஆஸ்திரேலியாவின் பாலைநிலத்தில் பழங்குடி மக்களோடு சில மாதங்கள் வாழ்ந்தனர். பின்னர் இந்தியாவுக்கு வந்து புத்தகயாவில் விபாசனா தியானம் பயின்றனர். பேச்சையும் புறத்தொடர்பையும் விலக்கி, மூச்சையும் உடல் உணர்ச்சிகளையும் மட்டும் கவனிக்கும் இப்பயிற்சி, இவர்களது கலையின் போக்கை மாற்றியது. காயம், மோதல், அலறல் ஆகியன குறைந்து அசைவின்மையும் மௌனமும் முன்வந்தன. 1981 முதல் 1987 வரை பல நகரங்களில் மொத்தம் 90 நாட்கள் நிகழ்த்தப்பட்ட 'இரவுக்கடல் கடத்தல்' என்னும் படைப்பில், இருவரும் ஒரு மேசையின் இரு முனைகளில் பகல் முழுதும் அசையாது அமர்ந்தனர். நிகழ்வு நடைபெறும் நாட்களில் அவர்கள் உண்ணவோ பேசவோ இல்லை. வலி தாங்காது உலாய் சில வேளைகளில் எழுந்து சென்றபோதும் அப்ரமோவிச் தொடர்ந்து அமர்ந்திருந்தார். இரு உடல்களின் தாங்குதிறன் சமமன்று என்பது இங்கே வெளிப்பட்டது.

இவர்களது இறுதிக் கூட்டுப்படைப்பு சீனப் பெருஞ்சுவர் நடையாகும். 1988 மார்ச்சு 30 அன்று அப்ரமோவிச் மஞ்சள்கடல் ஓரத்திலிருந்தும் உலாய் கோபி பாலைநிலப் பகுதியிலிருந்தும் புறப்பட்டு, ஒருவரை நோக்கி மற்றவர் நடந்தனர். 90 நாட்களுக்குப் பின், சூன் 27 அன்று நடுவில் சந்தித்தனர். சுவரின் நடுவே திருமணம் செய்துகொள்வதே முதல் திட்டம். சீன அரசின் இசைவு கிடைக்கச் சில ஆண்டுகள் ஆயின. அதற்குள் உறவு முறிந்துவிட்டதால் சந்திப்பு பிரிவாக முடிந்தது. கூட்டுப்படைப்புகளின் விற்பனை வருவாய் தொடர்பாக உலாய் தொடுத்த வழக்கில், 2016இல் நெதர்லாந்து நீதிமன்றம் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது.

படிகங்களும் தூய்மைப்படுத்தலும்

பெருஞ்சுவரில் நடந்தபோது நிலத்தடியிலுள்ள கனிமங்கள் தம் உடல்நிலையை மாற்றுவதாக அப்ரமோவிச் உணர்ந்தார். இதைத் தொடர்ந்து பிரேசில் நாட்டுச் சுரங்கங்களுக்குச் சென்று படிகம், செவ்வந்திக்கல் முதலியவற்றைக்கொண்டு 'மனிதப் பயன்பாட்டுக்கான இடைக்காலப் பொருட்கள்' என்னும் வரிசையைச் செய்யத் தொடங்கினார். இவை பார்ப்பதற்கான சிற்பங்கள் அல்ல, பயன்படுத்துவதற்கானவை. சுவரில் பதித்த கற்களில் தலையையும் மார்பையும் அழுத்தி நிற்கலாம். செவ்வந்திக்கல்லைக் குடைந்து செய்த, தூக்கி நடக்க இயலாத எடையுள்ள காலணிகளில் வெறுங்காலை நுழைத்துக் கண்மூடி நிற்கலாம்.

கனிமங்களுக்குக் குணப்படுத்தும் ஆற்றல் உண்டு என்பதற்கு அறிவியல் சான்று இல்லை. ஆயினும் இவ்வரிசை ஒரு முதன்மையான மாற்றத்தைக் குறிக்கிறது. இதுவரை கலைஞர் துன்புற, பார்வையாளர் பார்த்தனர். இனிப் பார்வையாளரின் உடலே படைப்பு நிகழும் இடமாயிற்று.

செருமனியில் பேராசிரியராக இருந்த காலத்தில் மாணவர்களுக்காக 'வீட்டைத் தூய்மை செய்தல்' என்னும் பயிலரங்குகளை நடத்தினார். இங்கே வீடு என்பது உடலைக் குறிக்கும். மாணவர்கள் சில நாட்கள் உணவும் பேச்சுமின்றி இருந்து, குளிர்நீரில் நீராடினர். மிக மெதுவாக நடந்தனர். ஒரே வண்ணத்தை நெடுநேரம் நோக்கினர். நிகழ்த்துகலைஞருக்கு வேண்டிய தாங்குதிறனை வளர்ப்பதே இதன் நோக்கமாகும்.

நிகழ்படப் படைப்புகள்

1975ஆம் ஆண்டு கோபன்ஹேகனில் உருவான 'கலை அழகாக இருக்கவேண்டும், கலைஞர் அழகாக இருக்கவேண்டும்' என்னும் படைப்பில், அப்ரமோவிச் ஒரு கையில் தூரிகைச் சீப்பும் மறுகையில் சீப்பும் கொண்டு தலை வாருகிறார். தலைப்பிலுள்ள சொற்களையே திரும்பத்திரும்பக் கூறுகிறார். வாருதல் படிப்படியாக வன்மையாகிறது. மயிர் இழுபடுகிறது, முகம் வலியால் சுருங்குகிறது. ஒப்பனை என்னும் அன்றாடச் செயல் தன்னைத்தானே வருத்துவதாக மாறும் தருணத்தை அண்மைக்காட்சி மறைவின்றிக் காட்டுகிறது. அழகுப்பொருட்களும் நலப்பொருட்களும் பெண்ணுடலின்மீது சுமத்தும் எதிர்பார்ப்புகளைப் பற்றிப் பேசுவோர் இப்படைப்பை இன்றும் மேற்கோள் காட்டுகின்றனர்.

'கண்ணாடியைத் தூய்மை செய்தல்' (1995) என்னும் நிகழ்படத்தில் மடியில் கிடத்திய மனித எலும்புக்கூட்டைச் சவர்க்காரமும் நீரும் கொண்டு தேய்த்துக் கழுவுகிறார். ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிய திரைகளில் எலும்புக்கூட்டின் பகுதிகள் தனித்தனியே தோன்றுகின்றன. எலும்பு தூய்மையாகுந்தோறும் கழுவுபவரின் உடல் அழுக்காகிறது. 'வெங்காயம்' (1995) என்னும் படைப்பில் பச்சை வெங்காயத்தைத் தோலுடன் கடித்துத் தின்கிறார்; பின்னணியில் தம் வாழ்க்கையின் சலிப்புகளை அவரது குரலே அடுக்குகிறது. கண்ணீர் துயரத்தால் வருகிறதா வெங்காயத்தால் வருகிறதா எனப் பிரித்தறிய இயலாது.

1997 வெனிஸ் இருபதாண்டு அல்லாத ஈராண்டுக் கலைவிழாவில் இடம்பெற்ற 'பால்கன் பரோக்' நிகழ்படத்தையும் நிகழ்த்தலையும் இணைத்தது. பெற்றோரின் உருவங்கள் திரைகளில் ஓட, வெள்ளாடை அணிந்த அப்ரமோவிச் மாட்டெலும்புக் குவியலின்மீது அமர்ந்து, நான்கு நாட்கள் நாள்தோறும் ஆறு மணிநேரம் குருதிக் கறையைத் தேய்த்துக் கழுவினார். கோடை வெப்பத்தில் எலும்புகள் அழுகி நாற்றம் வீசியது. யூகோஸ்லாவியா சிதைந்த போர்களில் படிந்த கறை எவ்வளவு கழுவினாலும் போகாது என்பதே இதன் பொருளாகும். இப்படைப்புக்காக இவருக்குத் தங்கச் சிங்கம் விருது வழங்கப்பட்டது.

நீள்நேர நிகழ்த்தல்கள்

2002இல் நியூயார்க்கில் நிகழ்ந்த 'கடல் தெரியும் வீடு' படைப்பில் காட்சியகச் சுவரில் உயரத்தில் அமைந்த மூன்று திறந்த மேடைகளில் 12 நாட்கள் வாழ்ந்தார். நீர் மட்டும் அருந்தினார், பேசவில்லை, எழுதவில்லை. குளித்தல், உறங்குதல், கழிப்பறை செல்லல் அனைத்தும் பார்வையாளர் காண நடந்தன. கீழிறங்கும் ஏணிகளின் படிகள் கூர்மையான கத்திகளால் ஆனவை.

2005இல் குகன்ஹெய்ம் அருங்காட்சியகத்தில் ஏழு இரவுகள், இரவுக்கு ஏழு மணிநேரம் நிகழ்த்திய 'ஏழு எளிய படைப்புகள்' மூலம் வலி எக்ஸ்போர்ட், ஜினா பான் முதலிய பிற கலைஞர்களின் பழைய நிகழ்வுகளை மீண்டும் நிகழ்த்தினார். இசைப்படைப்பை வேறொருவர் வாசிப்பது போல் நிகழ்த்துகலையையும் வேறோர் உடல் நிகழ்த்தலாமா என்னும் விவாதம் இதனால் எழுந்தது.

'கலைஞர் இங்கே இருக்கிறார்' 2010 மார்ச்சு 14 முதல் மே 31 வரை, மொத்தம் 700 மணிநேரத்துக்கும் மேல் நடைபெற்றது. விதி எளிது: வரிசையில் நின்று, எதிர் நாற்காலியில் அமர்ந்து, விரும்பிய நேரம் வரை பேசாது நோக்கலாம். பலர் அழுதனர். தொடக்க நாளில் எதிர்பாராது உலாய் வந்து அமர்ந்தபோது அப்ரமோவிச் தம் விதியை மீறிக் கைநீட்டி அவரது கைகளைப் பற்றினார். இந்நிகழ்வைத் தொடர்ந்து, 2011இல் மாசுகோவில் நரம்பியல் ஆய்வாளர்களுடன் இணைந்து, ஒருவரையொருவர் நோக்கும் இருவரின் மூளை மின்னலைகள் எந்த அளவு ஒத்திசைகின்றன என்பதைக் காட்டும் நிறுவல் ஒன்றும் அமைக்கப்பட்டது.

2014இல் இலண்டனில் நடந்த '512 மணிநேரம்' நிகழ்வில் நாற்காலிக்கும் மேசைக்கும்கூட முதன்மை இல்லை. 64 நாட்கள், நாளுக்கு எட்டு மணிநேரம், பார்வையாளர்கள் கைபேசிகளையும் கைக்கடிகாரங்களையும் பெட்டகத்தில் வைத்துவிட்டு வெற்றறைக்குள் நுழைந்தனர். அப்ரமோவிச் அவர்களைக் கைபிடித்து அழைத்துச் சென்று ஓரிடத்தில் நிற்கவோ, மெதுவாக நடக்கவோ செய்தார்.

அப்ரமோவிச் முறை

பயிலரங்குகளிலும் நீள்நேர நிகழ்த்தல்களிலும் பெற்ற பட்டறிவைத் தொகுத்து உருவாக்கப்பட்டதே 'அப்ரமோவிச் முறை'. 2012இல் மிலான் நகரிலும், பின்னர் சாவோ பாவுலோ, சிட்னி, ஏதென்சு முதலிய நகரங்களிலும் இது பொதுமக்களுக்காக நடத்தப்பட்டது. இதன் பொதுவான அமைப்பு வருமாறு:

- பங்கேற்பவர் கைபேசி, கடிகாரம் ஆகியவற்றை ஒப்படைக்கிறார். சில இடங்களில் முழுநேரமும் இருப்பதாக ஒப்பந்தமும் எழுதிக்கொடுக்கிறார்.
- ஒலியைத் தடுக்கும் செவிப்பொறியை அணிகிறார்.
- உதவியாளர் கைபிடித்து அழைத்துச் செல்ல, நிற்றல், அமர்தல், படுத்தல், மெதுவாக நடத்தல் ஆகியவற்றுள் ஒன்றில் ஈடுபடுகிறார்.
- அரிசியையும் பருப்பையும் பிரித்து, மணிகளை ஒவ்வொன்றாக எண்ணித் தாளில் குறிக்கிறார்.

அரிசியில் கல் பொறுக்குவது நம் வீடுகளில் ஒரு வேலை. அதற்குப் பயன் உண்டு. இங்கே எண்ணிய அரிசிக்குப் பயன் எதுவும் இல்லை. பயனற்ற செயலை இடைவிடாது செய்யும்போது முதலில் சலிப்பும், பின் எரிச்சலும், இறுதியில் ஒருவகைக் கவனக்குவிப்பும் தோன்றுகின்றன. புதிய தூண்டல்களைத் துண்டித்து, நேரத்தை அளக்கும் கருவியை நீக்கி, ஒரே எளிய பணியைத் தருவதே இம்முறையின் இயக்கம்.

இம்முறைக்கென நியூயார்க் மாநிலத்தின் அட்சன் நகரில் ஒரு நிறுவனத்தைக் கட்ட 2013இல் இணையவழி நிதி திரட்டப்பட்டது. 4,700க்கும் மேற்பட்டோர் 6,60,000 டாலருக்கும் மேல் வழங்கினர். பாடகி லேடி காகா இம்முறையைப் பயிலும் நிகழ்படமும் வெளியிடப்பட்டது. எனினும் கட்டடச் செலவு பல மடங்கு உயர்ந்ததால் 2017இல் திட்டம் கைவிடப்பட்டது. நிதியளித்தோர் சிலர் அதிருப்தி தெரிவித்தனர். நிறுவனம் நிலையான கட்டடம் இன்றிப் பல நாடுகளில் நிகழ்வுகளை நடத்தும் அமைப்பாகத் தொடர்ந்தது. 2022இல் இப்பயிற்சிகள் 30 அட்டைகளைக் கொண்ட தொகுப்பாகவும் வெளியாயின.

நலவாழ்வுப் பண்பாடும் விற்பனைப் பொருட்களும்

நோயின்மை மட்டும் நலமன்று. மேலும் மேலும் உயர்த்தத்தக்க நிலையே நலம் என்னும் கருத்தை அமெரிக்க மருத்துவர் ஹால்பர்ட் டன் 1961இல் நூலாக வெளியிட்டார். 1970களில் கலிபோர்னியாவில் இக்கருத்து தியானம், யோகாசனம், மாற்று மருத்துவம் ஆகியவற்றோடு கலந்து ஓர் இயக்கமாயிற்று. பின்னர் தங்குமிடங்கள், உணவுத் துணைப்பொருட்கள், அழகுப்பொருட்கள், கைபேசிச் செயலிகள் எனப் பெருந்தொழிலாக வளர்ந்தது. கைபேசியை விலக்கி மௌனமாக இருத்தலும், படிகக்கல்லைக் கையில் வைத்திருத்தலும் இன்று இத்தொழிலின் வழக்கமான பகுதிகளாகும். அப்ரமோவிச் இவற்றைக் கலைக்கூடத்தில் செய்தபோது, பல நாடுகளில் இவை இன்னும் பொதுவழக்காகவில்லை.

2024 சனவரியில் 'மரீனா அப்ரமோவிச் நீள்வாழ்வு முறை' என்னும் பெயரில் பொருட்கள் விற்பனைக்கு வந்தன. ஆஸ்திரியாவில் நலமையம் நடத்திவந்த மருத்துவர் நோனா பிரென்னருடன் இணைந்து இவை உருவாக்கப்பட்டன. நோயெதிர்ப்பு, ஒவ்வாமை, ஆற்றல் ஆகியவற்றின் பெயரில் அமைந்த சொட்டுநீர்மங்கள் ஒவ்வொன்றும் 99 பவுண்டு விலையிலும், முகப்பூச்சு 199 பவுண்டு விலையிலும் விற்கப்பட்டன. லைம் நோயால் துன்புற்ற தமக்கு பிரென்னரின் மருத்துவம் உதவியதாக அப்ரமோவிச் கூறியுள்ளார். ஒருவரது பட்டறிவு மருத்துவச் சான்றாகாது என்பதை வாசகர் நினைவிற்கொள்ள வேண்டும். ஐரோப்பிய நாடுகளின் சட்டப்படி உணவுத் துணைப்பொருட்கள் நோயைக் குணப்படுத்துவதாக விளம்பரம் செய்ய இயலாது. 2023இல் நுரையீரல் குருதிக்கட்டால் இறப்பை நெருங்கிய அப்ரமோவிச்சைக் காப்பாற்றியது அறுவை மருத்துவமும் தீவிர மருத்துவக் கவனிப்புமே ஆகும்.

திறனாய்வுகள்

அப்ரமோவிச்சின் பணி பலமுறை கடும் விமர்சனங்களைச் சந்தித்துள்ளது.

- உடலுழைப்பும் ஊதியமும்: 2011இல் லாஸ் ஏஞ்சலஸ் அருங்காட்சியக விருந்தில், நிகழ்த்துநர்கள் மேசைக்கு மேலே தலை மட்டும் தெரியும்படி மணிக்கணக்கில் அமர்ந்து சுழலவேண்டியிருந்தது. குறைந்த ஊதியத்தையும் இச்சூழலையும் நடனக்கலைஞர் இவான் ரெயினர் வெளிப்படையாகக் கண்டித்தார். தம் உடலைத் தாமே இடருக்கு உட்படுத்துவதும், கூலிக்கு வந்தவரின் உடலை உட்படுத்துவதும் ஒன்றல்ல என்பது இவ்விமர்சனத்தின் சாரம்.
- பிற பண்பாடுகள்: 2016இல் வெளிவந்த தன்வரலாற்று நூலின் முன்படியில் ஆஸ்திரேலியப் பழங்குடியினரைப் பற்றி இருந்த பகுதி இனவெறி சார்ந்தது எனக் கண்டிக்கப்பட்டது. அவர் மன்னிப்புக் கோரினார். நூலில் அப்பகுதி நீக்கப்பட்டது.
- குணப்படுத்துவோர்: பிரேசிலின் சடங்குகளையும் குணப்படுத்துவோரையும் தேடிச்செல்லும் 2016ஆம் ஆண்டு ஆவணப்படத்தில், ஆன்ம மருத்துவர் எனப்பட்ட ஜோவாவ் தெ தேயுசு இடம்பெற்றார். 2018இல் பெண்கள் பலர் அவர்மீது பாலியல் குற்றம் சாட்டினர். 2019இல் அவர் தண்டிக்கப்பட்டார். குணமடைய விரும்புவோரின் நம்பிக்கை எவ்வளவு எளிதில் சுரண்டப்படலாம் என்பதற்கு இது எடுத்துக்காட்டு.
- வதந்திகள்: 2016 அமெரிக்கத் தேர்தலின்போது, 'ஆவிச் சமையல்' என்னும் அவரது 1990களின் படைப்பின் பெயரை வைத்து அவர் சாத்தான் வழிபாட்டாளர் என்னும் ஆதாரமற்ற வதந்தி பரப்பப்பட்டது. இதனால் அவருக்குக் கொலை மிரட்டல்களும் வந்தன.

பிற கலைஞர்களுடன் ஒப்பீடு

நலவாழ்வுப் பண்பாட்டை வேறு கோணத்தில் அணுகுபவர் அமெரிக்க நிகழ்பட, நிகழ்த்துகலைக் கலைஞர் ஷானா மோல்ட்டன். 2002 முதல் உருவான 'விஸ்பரிங் பைன்ஸ்' வரிசையில் சிந்தியா என்னும் கற்பனைப் பெண்ணாக அவரே தோன்றுகிறார். உடல் உபாதைகளாலும் மனக்கவலைகளாலும் அலைக்கழிக்கப்படும் சிந்தியா, நலக்கருவிகள், வீட்டு அலங்காரப் பொருட்கள், முகப்பூச்சுகள் ஆகியவற்றில் விடுதலை தேடுகிறாள். 2024இல் மோல்ட்டனின் படைப்பு நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகத்தில் இடம்பெற்றது. மோல்ட்டன் நலப்பொருளை நகைச்சுவையோடும் பரிவோடும் பார்க்கிறார்; அப்ரமோவிச் அதில் நம்பிக்கை வைக்கிறார். இருவருக்கும் பொதுவானது, நலமடையவேண்டும் என்னும் ஏக்கத்தைப் பொய்யென ஒதுக்காமை.

அண்மைக்காலம்

2023இல் இலண்டன் அரச கலைக்கழகத்தின் முதன்மைக் கூடங்களில் அவரது தனிக்கண்காட்சி நடைபெற்றது. 1768இல் நிறுவப்பட்ட அக்கழகத்தின் வரலாற்றில் அக்கூடங்கள் முழுவதிலும் தனிக்கண்காட்சி நடத்திய முதல் பெண் இவரே. 2024 சூனில் கிளாஸ்டன்பரி இசைவிழாவில், பெருந்திரளான மக்களை ஏழு நிமிடங்கள் மௌனமாக இருக்கச் செய்தார். 2025இல் சப்பானின் பிரீமியம் இம்பீரியல் விருதைச் சிற்பப் பிரிவில் பெற்றார். கல்லோ உலோகமோ இன்றி உடலையே வடித்த ஒருவருக்குச் சிற்பப் பிரிவில் விருது அளிக்கப்பட்டது குறிப்பிடத்தக்கது.

முக்கிய படைப்புகள்

- ரிதம் 5, ரிதம் 2, ரிதம் 0 (1974)
- கலை அழகாக இருக்கவேண்டும், கலைஞர் அழகாக இருக்கவேண்டும் (1975)
- ஓய்வாற்றல் (1980, உலாயுடன்)
- இரவுக்கடல் கடத்தல் (1981–1987, உலாயுடன்)
- சீனப் பெருஞ்சுவர் நடை (1988, உலாயுடன்)
- கண்ணாடியைத் தூய்மை செய்தல் (1995)
- பால்கன் பரோக் (1997)
- கடல் தெரியும் வீடு (2002)
- ஏழு எளிய படைப்புகள் (2005)
- கலைஞர் இங்கே இருக்கிறார் (2010)
- 512 மணிநேரம் (2014)

இவற்றையும் பார்க்க

- நிகழ்த்துகலை
- நிகழ்படக் கலை
- விபாசனா
- மாற்று மருத்துவம்